கேட்டையில் பிறந்தவளுக்கு ஓர் எபிரேயப் பெயர்

சிட்னி விமான நிலையத்தில் நான் இறங்கியபோது காலை ஏழு மணி. 1977ஆம் வருடம், மே மாதத்தின் நடுவில் ஒரு செவ்வாய்க்கிழமை. சென்னையிலிருந்து சிங்கப்பூர் வழியாக வந்திருந்தேன். கைப்பையில் அரசாங்கம் அனுமதித்த எட்டு அமெரிக்க டாலர், பெட்டியில் ஆறு புடவை, ஒரு கம்பளிச் சட்டை, தங்கை வசந்திக்காக அம்மா கிண்டிக் கொடுத்த பிரசவ லேகியம். சோதனை மேஜையிலிருந்த அதிகாரி அந்த டப்பாவைத் திறந்து முகர்ந்து பார்த்தார்.

"என்ன இது?"

"குழந்தை பெற்றவள் சாப்பிடும் மருந்து."

"குழந்தை எங்கே?"

"இன்னும் பிறக்கவில்லை."

அவர் சிரித்தார். லேகியத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, பெட்டியிலிருந்த ஓமத்தையும் வெந்தயத்தையும் விதை என்று சொல்லிக் குப்பைத் தொட்டியில் கொட்டினார்.

திருச்சியில் ஒரு பெண்கள் உயர்நிலைப் பள்ளியில் பதினாறு வருடமாகப் பூகோளம் நடத்துகிறேன். வரைபடத்தில் குச்சியால் தொட்டுக் காட்டிய கண்டத்தில் கால் வைக்கப் போகிறோம் என்று நான் நினைத்ததே இல்லை. வசந்திக்குத் தலைப்பிரசவம். அம்மாவுக்கு மூட்டு வலி, பயணம் செய்ய முடியாது. எனவே வசந்தியின் கணவர் அனுப்பிய டிக்கெட்டில் நான் புறப்பட்டேன். சிட்னியில் கட்டடம் மாறி, உள்நாட்டு விமானம் ஏறி, எழுநூறு கிலோமீட்டரை ஒன்றேகால் மணி நேரத்தில் கடந்து பதினொரு மணிக்கு மெல்போர்ன் சேர்ந்தேன்.

அந்தக் கணவர் சந்திரன் நண்பரின் காரோடு வந்திருந்தார். கும்பகோணத்துக்காரர். டாண்டினாங் பக்கம் ஒரு தொழிற்சாலையில் என்ஜினீயர். விமான நிலையத்திலிருந்து அவர்கள் குடியிருந்த கால்ஃபீல்ட் முப்பத்தைந்து கிலோமீட்டர். செங்கல் நிறத்தில் ஓட்டு வீடுகள், ஒவ்வொன்றுக்கும் முன்னால் புல்தரை, மனிதர்கள் மட்டும் கண்ணில் படவில்லை. அப்படியொரு வீட்டின் பின்பகுதியில் இரண்டு அறையும் சமையலறையும் இவர்களுக்கு. வாடகை வாரம் முப்பது டாலர். முன்பகுதியில் வீட்டுக்காரி யூதித்.

"இந்த வீடு கிடைச்சதே பெரிய கதை அக்கா," என்றாள் வசந்தி. "ஏழு வீடு ஏறி இறங்கினோம். போன்ல காலியா இருக்குன்னு சொல்வாங்க. நேர்ல போய் நின்னா, இப்பத்தான் ஆள் வந்துட்டாங்கன்னு சொல்வாங்க. ஆன்ட்டி ஒரே ஒரு கேள்விதான் கேட்டாங்க. சமையலுக்குப் பூண்டு போடுவீங்களான்னு. போடுவோம்னு பயந்துகிட்டே சொன்னேன். நல்லதுன்னுட்டாங்க."

யூதித்துக்கு ஐம்பத்திரண்டு வயது. குள்ளம், வேகமான நடை. போலந்தில் பிறந்த யூதப் பெண். யுத்தம் முடிந்து கப்பலில் இங்கே வந்து, தையல் வேலை செய்து, கணவரோடு இந்த வீட்டை வாங்கியவர். கணவர் இறந்து நாலு வருடம். பிள்ளைகள் இல்லை. இப்போதும் முன்னறையில் தையல் இயந்திரம் ஓடிக்கொண்டே இருக்கும்.

வந்த மூன்றாம் நாள் துணி துவைத்து, வீட்டின் தெற்குப் பக்கம் கொடி கட்டி உலர்த்தினேன். மாலை வரை ஈரம் போகவில்லை. யூதித் வந்து பார்த்தார். துணிகளை அள்ளி வடக்குப் பக்கம் போட்டார். பூமியின் இந்தத் தெற்குப் பாதியில் சூரியன் வடக்கே சாய்ந்து போகும். வருடா வருடம் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்த பாடம்தான்.

"நீங்கள் என்ன வேலை பார்க்கிறீர்கள்?" என்று கேட்டார்.

"பூகோள ஆசிரியை."

அன்றைக்குத்தான் அவர் வாய்விட்டுச் சிரித்ததைப் பார்த்தேன். மறுநாள் என்னை டிராமில் கார்லைல் தெருவுக்கு அழைத்துப் போனார். டிக்கெட் முப்பது சென்ட். ஒரு ரொட்டிக் கடையில் மூன்று மொழிகளில் பேரம் பேசி, கசகசா வைத்த கேக் ஒன்றை வாங்கி, "உன் தங்கைக்கு" என்று என் கையில் திணித்தார்.

ஜூன் மாதம், பௌர்ணமியை ஒட்டிய வியாழக்கிழமை. காலை ஒன்பதரைக்கு வசந்திக்கு வலி கண்டது. டாக்டர் குறித்த நாளுக்கு இன்னும் இரண்டு வாரம் இருந்தது. சந்திரன் வேலையில். எனக்கு அந்த ஊர் டெலிபோனில் பேசவே கூச்சம். முன்கதவைத் தட்டினேன். யூதித் வாயில் கவ்வியிருந்த குண்டூசிகளைத் துப்பிவிட்டுக் கார்ச் சாவியை எடுத்தார். வழியில் ரயில்வே கேட் மூடியிருந்தது. நின்ற காரில் வசந்தி கத்த, யூதித் பின்னால் கையை நீட்டி அவள் கணுக்காலைப் பிடித்துக்கொண்டார். கேட் திறக்கும்வரை விடவில்லை. ஆஸ்பத்திரியில் சந்திரன் வந்து சேரும்வரை எங்களோடு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். இரண்டே முக்காலுக்குப் பெண் குழந்தை. மூன்று கிலோவுக்குக் கொஞ்சம் குறைவு.

கும்பகோணத்துக்குத் தந்தி போனது. மூன்றாம் நாள் சந்திரனின் அப்பாவிடமிருந்து பதில் தந்தி. நட்சத்திரம் கேட்டை, பெயரின் முதல் எழுத்து நோ, ய, யி, யு இவற்றில் ஒன்றாக இருக்க வேண்டும். யசோதா என்று வைக்கலாம் என்று அவருடைய யோசனையும் அதிலேயே இருந்தது.

ஒரு வாரம் கழித்து வசந்தி வீடு திரும்பினாள். அன்று மாலை யூதித் கோழி சூப் கொண்டு வந்தார். குழந்தையை மடியில் வாங்கிக்கொண்டார். வசந்தி என்னையும் சந்திரனையும் பார்த்தாள். நாங்கள் முன்பே பேசி வைத்திருந்த விஷயம்தான்.

"ஆன்ட்டி, குழந்தைக்கு உங்கள் பெயரை வைக்கப் போகிறோம். யூதித். எங்கள் நட்சத்திர எழுத்துக்கும் பொருந்துகிறது."

யூதித்தின் முகம் வெளுத்துவிட்டது. "வேண்டாம்," என்றார். "அப்படிச் செய்யாதே. ஒருபோதும் செய்யாதே." குழந்தையைக் கட்டிலில் விட்டுவிட்டு எழுந்தார். சூப் பாத்திரத்தைக்கூட எடுக்காமல் போய்விட்டார்.

நாலு நாள் அவர் பின்பக்கம் வரவில்லை. தையல் இயந்திரச் சத்தம் மட்டும் கேட்டது. வசந்தி அழுதாள். பால் குடிக்கும் குழந்தையின் தலையில் கண்ணீர் விழுந்ததைத் துடைத்துவிட்டாள்.

"நம்ம கறுப்புக் குழந்தைக்கு அவங்க பேரு எதுக்குன்னு நினைச்சுட்டாங்க போல. நான் கேட்டிருக்கவே கூடாது."

"என்ன இருந்தாலும் வெள்ளைக்காரிதானே," என்றார் சந்திரன். "வேற வீடு பார்க்கலாம்."

எனக்கு அது சரியாகப் படவில்லை. கணுக்காலைப் பிடித்திருந்த கையை நான் பக்கத்திலிருந்து பார்த்தவள். ஐந்தாம் நாள் காலை ஆறரை மணிக்கு, இன்னும் விடியாத நேரம், பால் பாட்டில் எடுக்க வெளியே போனேன். யூதித்தின் சமையலறையில் விளக்கு எரிந்தது. அவர் விட்டுப்போன சூப் பாத்திரத்தைக் கழுவி எடுத்துக்கொண்டு போய்க் கதவைத் தட்டினேன்.

உள்ளே வரச் சொன்னார். தேநீர் ஊற்றினார். எனக்குச் சுற்றி வளைத்துப் பேசத் தெரியாது.

"எங்கள் குழந்தைக்கு உங்கள் பெயர் வைப்பது உங்களுக்கு அவமானமா?"

அவர் என்னை நிமிர்ந்து பார்த்த பார்வையில் கோபம் இல்லை, திகைப்புதான் இருந்தது. "அவமானமா? அவள் அப்படியா நினைத்தாள்?" என்று இரண்டு தடவை கேட்டார். பிறகு சொன்னார்: "எங்களில் உயிரோடு இருப்பவர் பெயரைக் குழந்தைக்கு வைக்க மாட்டோம். மரண தூதன் கிழவி யூதித்தைத் தேடி இந்த வீட்டுக்கு வருவான். ஒரே பெயரில் இரண்டு பேர் இருந்தால் தவறிப்போய்க் குழந்தையை எடுத்துக்கொண்டு போய்விடுவான். முட்டாள்தனம் என்று நீ சொல்லலாம். எனக்கும் தெரியும். ஆனால் நான் பார்த்தவற்றுக்குப் பிறகு, அவனோடு விளையாட எனக்குத் தைரியம் கிடையாது."

"அப்படியானால் யார் பெயரை வைப்பீர்கள்?"

"இறந்தவர்கள் பெயரை."

"வைக்க வேண்டிய பெயர் ஏதாவது உங்களிடம் இருக்கிறதா?"

கேட்ட பிறகுதான் கேட்டிருக்கக் கூடாதோ என்று தோன்றியது. அவர் கோப்பையை மேஜை மேல் சுழற்றினார்.

"நோகா," என்றார்.

அது அவருடைய தங்கையின் பெயர். அப்பா எபிரேய மொழி ஆசிரியர். போலந்தில் அவர்கள் வாழ்ந்த சின்ன ஊரில் எல்லோரும் வீட்டில் பேசியது வேறு மொழி, எபிரேயம் பிரார்த்தனைக்கு மட்டும். பெண் குழந்தைகளுக்கு ரிவ்கா, சாரா, ஹானா என்று தலைமுறை தலைமுறையாக வந்த பெயர்கள்தான். அப்பா மட்டும் வேதத்தில் தேடி இந்தச் சொல்லை எடுத்தார். அங்கே அது ஓர் அரசனின் பல பிள்ளைகளில் ஒருவன் பெயர். அவனைப் பற்றிப் பெயருக்கு மேல் ஒரு வரியும் இல்லை. ஆண் பெயரைப் பெண்ணுக்கு வைத்துவிட்டார் என்று ஊர் சிரித்ததாம்.

"பொருள் என்ன?"

"வெளிச்சம். விளக்கு இல்லை, தீ இல்லை. அதைச் சுற்றி நிற்குமே, அது." எழுந்து ஜன்னல் திரையை விலக்கினார். கிழக்கே கூரைகளுக்கு மேல் விடிவெள்ளி பளீரென்று இருந்தது. "அதற்கும் எபிரேயத்தில் இப்போது அந்தப் பெயர்தான்."

அந்த யுத்த காலத்தில் தங்கைக்குப் பதினொரு வயது. யூதித்துக்குப் பதினேழு. ஊருக்கு வெளியே ராணுவச் சட்டை தைக்கும் பட்டறையில் யூதித் வேலைக்குப் போயிருந்த ஒரு நாள், தெருவில் இருந்த எல்லோரையும் நாஜிகள் ரயிலில் ஏற்றிக் கொலை முகாமுக்குக் கொண்டுபோனார்கள். திரும்பி வந்தபோது வீடு திறந்து கிடந்தது. அப்பா, அம்மா, நோகா யாரும் இல்லை. படம் ஒன்றுகூட மிஞ்சவில்லை. இந்தப் பெயரைத் தன் கணவரிடம் ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறாராம்.

"உங்கள் மொழியில் இதற்கு ஏதாவது பொருள் உண்டா?" என்று கேட்டார்.

உண்மையைச் சொல்வதா என்று யோசித்தேன். "நோ என்றால் எங்களுக்கு வலி. அதனால் அந்த எழுத்தில் யாரும் பெயர் வைப்பதில்லை."

அவர் தலையாட்டினார். நான் மேலே சொன்னேன்: "ஆனால் நோகா என்று முடித்தால் அர்த்தம் மாறிவிடும். நோகாத. இனி வலிக்காத."

"மறுபடியும் சொல்."

சொன்னேன். மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டு கேட்டார். பிறகு, "உன் தங்கை பாலுக்குக் காத்திருப்பாள், போ," என்றார்.

வசந்தியிடமும் சந்திரனிடமும் எல்லாவற்றையும் சொன்னேன். தன்னை நினைத்து வெட்கப்பட்டதாலோ என்னவோ, சந்திரன் முதலில் குரலை உயர்த்தினார். "அதுக்காக? தாத்தா பேரு வைக்கிறோம்னா அவர் எண்பது வருஷம் வாழ்ந்தவர். இது பதினொரு வயசுல கொன்னுட்ட பொண்ணு. அந்தப் பேரையா என் மகளுக்கு வைப்பாங்க? வேணாம் அக்கா."

அவர் சொன்னதில் நியாயம் இல்லை என்று என்னால் சொல்ல முடியவில்லை. மறுநாள் சாப்பிடும்போது வசந்தி சொன்னாள்: "என்னங்க, அந்தப் பொண்ணு ஏதோ தப்பு பண்ணின மாதிரி பேசறீங்களே. அவ பேருல என்ன தோஷம்? பண்ணினவன் பேரைத்தான் வைக்கக் கூடாது."

சந்திரன் தட்டை அப்படியே வைத்துவிட்டு எழுந்தார். முன்பக்கம் போய்க் கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. முக்கால் மணி நேரம் கழித்து, கையில் தையல் அளவுக் காகிதம் ஒன்றோடு வந்தார். அதில் மூன்று எபிரேய எழுத்து இருந்தது. "வலப்பக்கத்திலேருந்து படிக்கணுமாம்," என்றார். அதன் கீழே ஆங்கிலத்தில் எழுதி வாங்கியிருந்தார். பிறப்புப் பதிவுப் படிவத்தை அவரே நிரப்பினார்.

இனி கும்பகோணம்தான் பாக்கி, பெயரைத் தந்தியில் தெரிவித்தோம். பன்னிரண்டு நாள் கழித்து நீல நிறக் கடிதம் வந்தது. "கேட்டைக்கு முதல் எழுத்து நோ. அதில் பெயர் அமைவது மிக அரிது. நீங்கள் சாஸ்திரத்தை விடாமல் கடைப்பிடித்தது மகிழ்ச்சி. எந்த அகராதியில் எடுத்தீர்கள்?" என்று வசந்தியின் மாமனார் கேட்டிருந்தார். நாங்கள் மூவரும் அதைப் படித்துச் சிரித்தோம். பிறகு சந்திரன் உட்கார்ந்து நாலு பக்கம் பதில் எழுதினார்.

ஜூலை முதல் ஞாயிறு காலை பத்து மணிக்குப் பெயர் சூட்டினோம். புரோகிதர் கிடையாது. கூடத்தில் பாய் போட்டு, வசந்தியின் கல்யாணப் புடவையை மடித்துக் குழந்தையைக் கிடத்தினோம். சந்திரனின் அலுவலகத்திலிருந்து இரண்டு குடும்பம் வந்திருந்தது. ரவையில் கேசரி. குழந்தையின் காதில் பெயரை மூன்று முறை அத்தை சொல்ல வேண்டும். அத்தை எட்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருந்தாள்.

"ஆன்ட்டி, நீங்கள் சொல்லுங்கள்," என்றாள் வசந்தி.

யூதித் நீலச் சட்டையில், தலைக்குத் துணி கட்டி, கதவோரம் நின்றிருந்தார். பெயரைப் பதிவு செய்த பின்பும் அவர் குழந்தையைச் 'சின்னவள்' என்றே சொல்லி வந்ததை நான் கவனித்திருந்தேன். மெதுவாக வந்து மண்டியிட்டார். குனிந்தார். முதல் முறை உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. நிமிர்ந்து மூச்சு வாங்கிக்கொண்டார். இரண்டாம் முறை எங்களுக்கும் கேட்டது. நோகா. மூன்று முறை ஆனது. அவர் எழுந்திருக்கவில்லை. இன்னொரு முறை, இன்னொரு முறை என்று சொல்லிக்கொண்டே இருந்தார். வந்திருந்த ஒருவர் வாயைத் திறக்கப் பார்த்தார். சந்திரன் அவர் கையைத் தொட்டு நிறுத்தினார்.

அதற்கடுத்த புதன்கிழமை நான் கிளம்பினேன். விமான நிலையத்துக்கு யூதித்தே காரோட்டினார். வழியில் பேசியதெல்லாம் பெட்ரோல் விலையும் மழையும்தான். விமானம் மேலே ஏறியபோது என் ஊர் வழக்கம் நினைவுக்கு வந்தது. எங்கள் தெருவில் பாதிப் பிள்ளைகளுக்குத் தாத்தா பெயர். மருமகள் மாமனார் பெயரைச் சொல்லக் கூடாது என்பதால் அத்தனை பேரையும் ராஜா, தம்பி, கண்ணு என்றுதான் அம்மாக்கள் அழைப்பார்கள். பெயர் ஜாதகத்திலும் பள்ளிப் பதிவேட்டிலும் பத்திரமாக இருக்கும். நானும் அதை மரியாதை என்றே எண்ணியிருந்தேன்.

செப்டம்பரில் பள்ளிக்கூட முகவரிக்கு வசந்தியின் கடிதம் வந்தது. குழந்தை குப்புற விழுகிறாளாம், சிரிக்கிறாளாம். கடைசிப் பத்தியில் எழுதியிருந்தாள்: "ஆன்ட்டிக்கு இப்போது தையல் வேலையே நடப்பதில்லை அக்கா. தன் சமையலறை ஜன்னலிலிருந்து நாள் முழுக்க 'நோகா, நோகா' என்று கூப்பிடுகிறார்கள். குழந்தை தூங்கும்போதும்."