இரண்டு காட்சிகளுக்கு நடுவில்

மறுமணக் குடும்பங்கள் எங்கள் சினிமாவில் மூன்று விதமாக வரும். பழைய படங்களில் சின்னம்மா கொடுமைக்காரி. பிறகு தியாகியானாள், அதற்காகக் கடைசியில் சாகவும் வேண்டியிருந்தது. இப்போது எல்லோரும் நல்லவர்கள். ஒரே பாட்டுக்குள் ஒட்டிக்கொள்வார்கள், அது முடியும்போது பிள்ளை அந்த மனிதரை 'அப்பா' என்று கூப்பிடும். பாரிஸ் புறநகரான கார்ஜில், எங்கள் வீட்டு டிவியில் அந்தக் கட்டம் வந்தால் அம்மாவின் இரண்டாவது கணவர் தேத்தண்ணி போட எழும்பிவிடுவார். நான் அவரைச் சித்தப்பா என்பேன். அவருடைய மகள், எனக்கு அக்கா, என் அம்மாவைச் சின்னம்மா என்பாள். பத்து வருடம் நான்கு பேரும் மரியாதையாக இருந்தோம்.

பாரிஸில் தமிழ்க் கடைகள் நிறைந்த லா ஷப்பலில் ஒரு வீடியோக் கடையில் எனக்கு வேலை. அக்காவின் கலியாண வீடியோவைத் தொகுப்பதும் என்னிடமே வந்தது. இந்த வீடியோக்கள் சினிமாவைப் பார்த்து வளர்ந்தவை. இறந்தவர் இருந்தால் மாலை போட்ட படத்தில் தொடங்கும். அடுத்து பெற்றோர் மெதுவாக நடந்து வருவார்கள். அப்படியே வைத்தேன். முதலில் அக்காவைப் பெற்ற தாயின் படம், உடனே மண்டப வாசலில் சித்தப்பாவும் என் அம்மாவும்.

அக்கா கடைக்கு வந்து பார்த்தாள்.

"என்னடி இது? அம்மா செத்த கையோட அப்பா இவவோட வெளிக்கிட்ட மாதிரியெல்லோ கிடக்கு."

இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. முதலில் நிறுத்தியது அவள்தான்.

"சின்னம்மாவை அதிலையிருந்து எடு. அப்பா தனிய வரட்டும்."

"அவ பாத்தா?"

"பாத்தாலும் ஒண்டும் கேக்கமாட்டா. உனக்குத் தெரியாதே?"

தெரியும். அதனால்தான் என்னால் செய்ய முடியவில்லை. காட்சியை ஓரத்தில் வெட்டினால் அம்மா மறைந்துவிடுவார், சின்ன வேலை. ஆனால் அக்கா சொன்னதும் சரி. இரண்டு காட்சிகளை ஒட்டியதில் இடையில் இருந்த வருடங்களை நானே விழுங்கியிருந்தேன்.

"நாளைக்கு வா" என்றேன்.

நடுவில் வைக்க ஏதாவது தேடினேன். கைபேசியில் பிறந்தநாள் கேக்குகள் நிறைய இருந்தன. அவற்றுக்குப் பின்னால் நால்வரும் விசாவுக்குப் படம் எடுப்பதுபோல நிற்கிறோம். கடைசியில் கலியாணக் காலையில் எடுத்த துண்டு ஒன்று அகப்பட்டது. அம்மா முழங்காலில் நின்று அக்காவின் சேலைக் கொசுவத்தைப் பிடிக்கிறார். வாய் நிறைய ஊசி. பேச முடியாமல் முழங்கையால் இடித்துத் திருப்புகிறார். அக்கா தன் கைபேசியைப் பார்த்தபடியே, மற்றக் கையிலிருந்த லேஞ்சித் துணியால் அம்மாவின் நெற்றி வியர்வையை ஒற்றுகிறாள். அதைப் பாட்டுப் போடாமல் நடுவில் வைத்தேன்.

அடுத்த நாள் வந்து பார்த்த அக்கா அந்த இடத்தை இன்னொரு முறை போடச் சொன்னாள்.

"நான் இப்பிடிச் செய்தனானே?"

"ஓம்."

"சரி, விடு. சின்னம்மா நிக்கட்டும்." கோட்டைப் போட்டுக்கொண்டே கேட்டாள்: "எடியே, நீ ஒரு இடத்திலையும் இல்லையே?"

"கமரா ஆரிட்டை இருந்தது?"

"அதுவும் சரிதான்" என்று சிரித்தாள். ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று இறங்கிப் போனாள்.

ஞாயிற்றுக்கிழமை அம்மா தொலைபேசியில் அழைத்தார். வீடியோவைப் பார்த்துச் சித்தப்பா அழுதாராம். சின்னம்மாவை வெட்டச் சொன்ன கதையை நான் சொல்லவில்லை.

"வடிவாய் வந்திருக்கு பிள்ளை. எங்கட வீட்டு ஆக்கள் எல்லாரும் நிக்கிறம்."

"ஓம் அம்மா" என்றேன்.