ஏழாம் அட்டையில் இருந்த மீன்

சமூகப்பணி முதுகலையில் எங்களுக்கு ஒரு தாள் இருந்தது. வெள்ளைக்காரர்கள் விட்டுப்போன அளவுகோல்களைக் கல்வியிலிருந்தும் சமூகப்பணியிலிருந்தும் எப்படிக் களைவது என்பது அதன் பாடம். எதையும் மண்ணின் மக்களுடைய பார்வையிலிருந்து தொடங்க வேண்டும் என்று பதினெட்டுப் பக்கம் எழுதி வகுப்பில் முதலாவதாக வந்தேன். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. ஏனென்றால், கட்டுமாவடியில் ஒரு மீனவர் வீட்டுப் பிள்ளைக்கு மீனைத் தெரியவில்லை என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவளும் நான்தான்.

எங்கள் தொண்டு நிறுவனத்துக்கு வெளிநாட்டிலிருந்து ஒரு பெட்டி வந்திருந்தது. உள்ளே பன்னிரண்டு பட அட்டைகள். ஐந்து வயதுப் பிள்ளைகளிடம் ஒவ்வொன்றாகக் காட்டி, என்னவென்று கேட்க வேண்டும். ஆறுக்குக் கீழே வாங்கினால் சிறப்புக் கவனப் பட்டியல். பட்டியலில் ஏறும் பிள்ளை எங்களுடைய தயாரிப்பு வகுப்பில் ஒரு வருடம் உட்கார வேண்டும். கூட்டாளிகளெல்லாம் முதல் வகுப்புக்குப் போய்விடுவார்கள்.

சோதனை நடத்தப் போன அன்று மகளைப் பார்த்துக்கொள்ள வீட்டில் ஆளில்லை. மூன்று வயதுக்காரியையும், ஆறவைத்த வெந்நீர்ப் புட்டியையும், கை துடைக்கும் மருந்தையும், மாற்றுடை மூன்றையும் சுமந்துகொண்டு அறந்தாங்கியில் கட்டுமாவடி பஸ் ஏறினேன். இரண்டு உடை போதாதா என்று பஸ்ஸில் யோசித்தேன். இறங்கும்போது நான்காக எடுத்து வந்திருக்கலாம் என்று தோன்றியது.

மீன் ஏலக்கூடத்துக்குப் பின்னால் இருந்த சமுதாயக் கூடத்தில் சோதனை நடந்தது. கடைசியாக வந்த சிறுமி ஆப்பிளைச் சொன்னாள், நாயைச் சொன்னாள். முள்கரண்டியையும் கம்பளிக் கையுறையையும் விட்டுவிட்டாள். ஏழாம் அட்டையை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஆரஞ்சு நிறத்தில், கண்ணிமையெல்லாம் வைத்து, சிரித்துக்கொண்டிருந்தது மீன்.

"இது என்னதுன்னு சொல்லும்மா."

"வாயி மனுச வாயி மாதிரி இருக்கு. செதிலக் காணோம். செவுளும் இல்ல." அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள். "இது மீனில்ல டீச்சர்."

கையேட்டைப் பார்த்தேன். சரியான விடை: மீன். பூஜ்யம் போட்டேன். மிச்ச அட்டைகளும் முடிந்தபோது மொத்தம் ஐந்து.

அந்த நேரம் பார்த்து என் மகள் ஏழாம் அட்டையை எட்டிப்பார்த்து, "மீன்" என்று கத்தினாள். அவளுக்குத் தெரிந்திருந்ததில் ஆச்சரியம் இல்லை. எல்.கே.ஜி. சேர்க்கைக்கு உதவுமே என்று அலுவலகப் பெட்டியை யாருக்கும் தெரியாமல் வீட்டுக்குக் கொண்டுபோய் ஒரு வாரம் பழக்கியிருந்தேன். அது தப்புதான்.

சிறுமி என் மகளைப் பரிதாபமாகப் பார்த்தாள். "பாப்பா சின்னப்புள்ளதானே டீச்சர். போவப்போவத் தெரிஞ்சுக்கும்" என்று எனக்கு ஆறுதல் சொன்னாள்.

ஏலம் முடிந்து, அவளுடைய அம்மா மீன் நிரம்பிய அன்னக்கூடையோடு வந்தார். மதிப்பெண்ணை விளக்கினேன். முதலில் அவருக்குப் புரியவில்லை. புரிந்ததும் கூடையை இறக்கி வைத்துவிட்டு, சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"அடியே, இங்கிட்டு வாங்கடி. எம்மவளுக்கு மீன் தெரியலையாம்."

நான்கைந்து பெண்கள் கூடிவிட்டார்கள். அட்டை கைமாறிக் கைமாறிப் போனது.

"இத எவன்டி புடிச்சது?"

"புடிச்சிருந்தா இப்புடிச் சிரிக்குமா?"

சிரிப்பு அடங்கியதும் அந்த அம்மாவின் முகம் மாறிவிட்டது. "எல்லாப் புள்ளையளும் சூன் மாசம் பள்ளிக்கூடம் போவும். இவ மட்டும் ஒங்க கெளாசுல ஒக்காரணுமாங்க? ஒத்த மார்க்குக்கா?"

சாயங்காலத்துக்குள் படிவத்தைச் சேர்க்க வேண்டும், நானாகத் திருத்தினால் வேலைக்கு ஆபத்து என்று இழுத்தேன்.

"நீங்க திருத்த வேணாம். மறுபடி கேளுங்க. அட்டைக்குப் பதிலா இதக் காட்டுங்க." கூடையைக் காலால் என் பக்கம் தள்ளினார். "அப்புறம், அவளக் கேட்டா ஒங்களையும் கேப்போம். அதான் ஞாயம்."

கையேட்டை முன்னும் பின்னும் புரட்டினேன். உண்மையான மீனைக் காட்டக் கூடாது என்று எங்கும் எழுதவில்லை. காட்டலாம் என்றும் எழுதவில்லை. விதியில்லாத இடத்தில் நிற்பது எனக்குக் காய்ச்சல் வருவதுபோல இருக்கும். இருந்தாலும் கேட்டேன்.

கூடையில் இருந்த பத்து வகை மீனில் சிறுமி ஒன்பதைச் சொன்னாள். சங்கரா, காரல், முரல், ஓரா என்று போய், கெளுத்தியை மட்டும் தொடாமல், "முள்ளு குத்துனா கடுக்கும் டீச்சர், கைய எடுங்க" என்றாள். அந்த எச்சரிக்கைக்கு மதிப்பெண் போட என்னிடம் கட்டம் இல்லை. குறிப்புப் பத்தியில் எழுதிக்கொண்டேன்.

அடுத்து நான். குன்றாண்டார்கோவில் பக்கத்து விவசாயக் குடும்பம் எங்களுடையது. எனக்குத் தெரிந்த மீனெல்லாம் குழம்பில் துண்டாகக் கிடந்தவை. மூன்று சொன்னேன்.

"நெத்திலி தெரியும்" என்று கெஞ்சிப் பார்த்தேன்.

"கருவாடா பாத்திருப்பீங்க. அது செல்லாது."

படிவம் ஒன்றை என்னிடமே வாங்கி, என் வயது, படிப்பு, மதிப்பெண் எல்லாவற்றையும் என்னையே எழுதவைத்தார்கள். சிறப்புக் கவனம் தேவையா என்ற கட்டத்தில் அந்த அம்மா அழுத்தமாக டிக் அடித்தார். இதற்கிடையே என் மகள் யார் மடியிலோ உட்கார்ந்து, முள் நீக்கிய மீனும் சோறும் தின்றுகொண்டிருந்தாள். கை துடைக்கும் மருந்து பையை விட்டு வெளியே வரவேயில்லை. அந்த முள் நீக்கும் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்ததில் எனக்கு அது நினைவுக்கு வரவில்லை.

அவர்கள் கேட்டபடி என் படிவத்தையும் மற்றவற்றோடு சேர்த்தேன். பஸ்ஸில் மூன்று முறை வெளியே எடுத்தேன், மூன்று முறையும் உள்ளே வைத்தேன்.

மறுநாள் காலை மேலாளர் போனில் அழைத்தார்.

"என்னம்மா, பட்டியல்ல முப்பத்தோரு வயசுல ஒரு குழந்த இருக்கு?"

"அது நான்தான் மேடம்."

"மூணு மார்க்கா?"

"நெத்திலிய அவங்க ஒத்துக்கல மேடம்."

நடந்ததைச் சொன்னேன். வேலை போய்விட்டது என்று நினைத்துக்கொண்டு, பெட்டியை வீட்டுக்குக் கொண்டுபோனதையும் கேட்காமலே சொல்லிவிட்டேன். மறுமுனையில் தாள் புரளும் சத்தம் கேட்டது. தன்னிடமிருந்த கையேட்டுப் பிரதியில் அந்த அட்டையின் படத்தைத் தேடிப் பார்த்திருக்கிறார் போல.

"ஆமா, இதுக்கு எதுக்கும்மா கண்ணிமை" என்றார் கடைசியில். "அந்தப் புள்ளய எடுத்துர்றேன். ஏழாம் அட்டையில முட்டை வாங்கின மத்த புள்ளைங்களுக்கும் கூடைய வச்சே மறுபடி கேளு. பெட்டி திங்கக்கிழம ஆபீசுக்கு வந்திரணும்."

"என் பேரு மேடம்?"

"ஒனக்கு மார்க் போட்டது நான் இல்லையே. போட்டவங்ககிட்டப் போய்க் கேளு."

ஜூனில் அந்தச் சிறுமி முதல் வகுப்பில் சேர்ந்தாள். நான் இரண்டு முறை மறுதேர்வு எழுதிவிட்டேன். இரண்டாம் முறை ஆறு வரை வந்தேன். ஆனால் சாளையையும் சூடையையும் மாற்றிச் சொன்னதற்காக அந்த அம்மா ஒரு மதிப்பெண்ணைக் குறைத்துவிட்டார். இன்னும் பட்டியலில்தான் இருக்கிறேன்.