கிருஷ்ணகிரி பஸ்ஸும் ஒரு பக்கெட் தண்ணீரும்

நனைந்த மாவுக்கட்டுக்கு ஒரு வாசனை உண்டு. புதிதாகச் சுண்ணாம்பு அடித்த சுவரில் தூறல் விழுந்தால் எழுமே, கிட்டத்தட்ட அது. தொட்டால் வெதுவெதுப்பாக இருக்கும். திருவண்ணாமலையில் செங்கம் சாலையை ஒட்டிய எங்கள் தெருவில், எங்கள் வீட்டு முன்னறையிலேயே மருத்துவமனை வைத்த டாக்டர் ஹசீனா முதன்முதலில் மாவுக்கட்டுப் போட்டது கால் ஒடிந்த என் பிளாஸ்டிக் பொம்மைக்கு. இரண்டாவது, எங்கள் வீட்டு நாற்காலிக்கு. ஐப்பசி மழை ஈரத்தில் கட்டுச் சுருள்கள் இறுகி வீணாகிவிடும் என்பதால் அந்த இரண்டு பேருக்கும் அப்படியொரு யோகம் அடித்தது. எனக்கு அப்போது எட்டு வயது. ஊரில் தொண்ணூறுகள் தொடங்கியிருந்தன.

அரசு பஸ் டிரைவரான என் அப்பா முன்னறையைக் கொடுத்ததே ஒரு தப்புக் கணக்கில்தான். தேரடித் தெருவில் இரும்புக் கடை வைத்திருந்த பாய் வந்து, "எம் பொண்ணு டாக்டருக்குப் படிச்சிருக்குதுங்க" என்றதும், லேடி டாக்டர் என்றால் பிரசவ டாக்டர்தானே என்று அப்பா சந்தோஷமாகச் சாவியைக் கொடுத்துவிட்டார். 'எலும்பு முறிவு, மூட்டு மருத்துவர்' என்று பலகை மாட்டிய அன்று அதை இரண்டு தடவை படித்துவிட்டு, "பொம்பள எலும்பு டாக்டரா?" என்று அம்மாவிடம் கேட்டார். அந்தக் கேள்வியைத்தான் அடுத்த ஏழு மாதமும் ஊரே கேட்டது.

பலகையை யாரும் படிக்கவில்லை. அதன் கீழே உட்கார்ந்திருந்த பெண்ணை மட்டும் பார்த்தார்கள். வளைகாப்பு வளையல் குலுங்க, தாம்பூலத் தட்டோடும் இரண்டு நாத்தனார்களோடும் பிள்ளைத்தாய்ச்சிகள் வந்து இறங்குவார்கள். ஹசீனாக்கா அவர்களை உட்காரவைத்து, குடிக்கத் தண்ணீர் கொடுத்து, தான் பார்ப்பது கை கால் எலும்பு என்று விளக்கி அனுப்பிவைப்பார். "சும்மா கைய வெச்சுப் பாருங்க டாக்டரம்மா" என்று விடாப்பிடியாக நின்றவர்களும் உண்டு. பௌர்ணமிக்கு மலை சுற்ற வந்து காலைச் சுளுக்கிக்கொண்ட ஆண்களோ, நொண்டிக்கொண்டே எங்கள் வாசலைத் தாண்டிப் போய், நாட்டு வைத்தியரிடம் கட்டுப் போட ஆந்திரா பக்கம் பஸ் ஏறினார்கள்.

பாய் ஒருநாள் வந்து, வெறும் பெஞ்சைப் பார்த்துவிட்டு, அம்மா முன்னிலையிலேயே மகளிடம் சொன்னார்: "தீபம் வரைக்கும் பாரும்மா. அதுக்குள்ள ஆளு வரலன்னா பலகைய கழட்டிடலாம். வேலூர்ல யார்கிட்டயாவது அசிஸ்டன்ட்டா சேந்துக்க." ஹசீனாக்கா சரியென்று தலையாட்டினார். பாய் போன பிறகு, சென்னையில் தன் வகுப்பில் எலும்பு மருத்துவம் எடுத்த ஒரே பெண் தான்தான் என்றும், "சுத்தியல் தூக்க முடியுமா?" என்று கேட்டுச் சிரித்தவர்கள் முன்னால் படித்து முடித்ததாகவும், இப்படிச் சும்மா உட்கார்ந்திருப்பதுதான் அதைவிடக் கஷ்டமாக இருக்கிறதென்றும் அம்மாவிடம் சொன்னார். எனக்கு அழுகை வந்தது. அவர் போய்விட்டால் என் பொம்மையை யார் பார்ப்பார்கள் என்பது என் கவலை.

தீபத்துக்கு மூன்று வாரம் இருந்தது. வருஷா வருஷம் தீபத்துக்கு முன் வீட்டுக்குச் சுண்ணாம்பு அடிக்கிற வேலையை அப்பா யாரிடமும் விடமாட்டார். அந்த ஞாயிற்றுக்கிழமை காலை பின்சுவரில் சாத்தியிருந்த ஏணி சறுக்கி, அப்பாவும் சுண்ணாம்பு வாளியும் ஒன்றாகக் கீழே வந்தார்கள். எழுந்து உட்கார்ந்தபோது வலது தோள் இருக்கவேண்டிய இடத்தில் இல்லை. பார்க்கவே பயமாக இருந்தது.

"ஆட்டோவ கூப்புடு, கட்டுப் போடற எடத்துக்குப் போவலாம்" என்றார் அப்பா, பல்லைக் கடித்துக்கொண்டு.

"முன்னாடி ரூம்லயே டாக்டர் இருக்காங்க" என்றார் அம்மா.

"இது பலம் வேணும்கற வேலடி. போன தபா கண்டக்டர் தோள ஏத்தறப்ப நாலு ஆளு புடிச்சாங்க."

வீட்டில் அதிர்ந்து பேசாத அம்மா அன்று இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார். "பலக மாட்ட செவுத்த குடுத்தீங்க இல்ல? கைய குடுக்க மட்டும் இன்னாத்துக்கு யோசன?"

சத்தம் கேட்டு ஹசீனாக்கா உள்ளே வந்துவிட்டார். அப்பாவின் விரல்களை அசைக்கச் சொல்லி, மணிக்கட்டில் நாடி பார்த்தார். "பலம் வேணாங்கண்ணா. ஒரு பக்கெட்டும் கொஞ்சம் தண்ணியும் வேணும்" என்றார். அப்பாவுக்கு வலியிலும் சிரிப்பு வந்துவிட்டது.

ஊசி ஒன்றைப் போட்டு, அப்பாவை உயரமான மேசையில் குப்புறப் படுக்கவைத்து, அடிபட்ட கையை விளிம்பில் தொங்கவிட்டார். மணிக்கட்டில் துணி சுற்றி, எங்கள் குளியலறைப் பச்சைப் பக்கெட்டை அதில் கட்டி, சொம்பு சொம்பாகத் தண்ணீர் ஊற்றினார். பிறகு பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துகொண்டு, "நீங்க ஓட்டற கிருஷ்ணகிரி பஸ்ஸு எங்கெங்க நிக்கும், சொல்லுங்கண்ணா" என்றார். இந்த நேரத்தில் இது என்ன கேள்வி என்று அப்பா முனகினார். ஆனால் டிரைவரிடம் வழி கேட்டால் சொல்லாமல் இருக்க முடியுமா? செங்கம், பிறகு நடுவில் கை காட்டினால் நிறுத்துகிற புளியமரம், சிங்காரப்பேட்டை, அங்கே டீ நன்றாக இருக்கும் என்ற உபதகவல் என்று பஸ் மெதுவாகப் போனது. பேசப்பேச அவர் முதுகு தளர்வதை நானே பார்த்தேன். ஹசீனாக்கா இன்னும் ஒரு சொம்பு ஊற்றினார். ஊத்தங்கரையில் ஆட்களை இறக்கிக்கொண்டிருக்கும்போது "டொக்" என்று ஒரு சத்தம். அப்பா பேச்சை நிறுத்தினார்.

"ஏறிடுச்சுங்கண்ணா" என்றார் ஹசீனாக்கா.

"நீங்க புடிச்சு இழுக்கவே இல்லியே!" என்றார் அப்பா, ஏமாற்றப்பட்டவரைப் போல.

வண்டி ஓட்டக்கூடாது என்று உத்தரவானதால், கழுத்திலிருந்து தொங்கும் துணிக்கட்டில் கையை வைத்துக்கொண்டு அப்பா நாளெல்லாம் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். போகிற வருகிறவர்களையெல்லாம் கூப்பிட்டுக் கதை சொன்னார். சொல்லச்சொல்ல பக்கெட் அண்டாவானது. பஸ் கிருஷ்ணகிரியைத் தாண்டிப் பெங்களூர் வரை போனது. முதலில் டிப்போவிலிருந்து கண்டக்டர் வந்தார், பிறகு மெக்கானிக்குகள் வந்தார்கள், அவர்கள் வீட்டு மாமியார்கள் முழங்கால் வலியோடு வந்தார்கள்.

தீபத்தன்று பாய் வந்தார். கெடு அவருக்கும் நினைவிருந்தது. வாசலில் அத்தனை பேர் உட்கார்ந்திருந்ததில் அவருக்கு இடமில்லை. உள்ளே மகள் யாருக்கோ மாவுக்கட்டுச் சுற்றுவதைக் கொஞ்சநேரம் நின்று பார்த்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு கடைக்குத் திரும்பிவிட்டார். மறுநாள் தள்ளுவண்டியில் ஒரு புது இரும்பு பெஞ்சு வந்து இறங்கியது.

அந்தப் பச்சைப் பக்கெட் எப்போதோ விரிசல் விட்டுப் போனது. முன்னறையில் இப்போது செல்போன் கடை. டாக்டர் ஹசீனா வேங்கிக்கால் பக்கம் சொந்தக் கட்டடத்தில் இருக்கிறார். அவரைப் பார்த்து எலும்பு மருத்துவம் படித்த எங்கள் ஊர்ப் பெண்கள் இரண்டு பேர் அவரிடமே வேலை செய்கிறார்கள். "பொம்பள எலும்பு டாக்டரா?" என்ற கேள்வியைக் கேட்டுப் பல வருஷமாகிறது.

போன மாதம், ஓய்வு பெற்றுவிட்ட அப்பா குளியலறையில் வழுக்கி மணிக்கட்டை உடைத்துக்கொண்டார். அழைத்துப் போனேன். அதே நனைந்த சுண்ணாம்பு வாசனை. கட்டுப் போட ஒரு இளைஞர் வந்தார், நல்ல வாட்டசாட்டமான டாக்டர். அப்பா கையைப் பின்னால் இழுத்துக்கொண்டார்.

"தப்பா நெனைக்காதீங்க தம்பி. லேடி டாக்டர் யாரும் இல்லியா? ஆம்பளைங்க இதெல்லாம் சரியா செய்ய மாட்டாங்க."

திரைக்கு அந்தப் பக்கமிருந்து ஹசீனாக்காவின் சிரிப்புச் சத்தம் கேட்டது. "அவரும் நல்லாத்தான் கட்டுவாருங்கண்ணா, நான் சொல்லிக் குடுத்திருக்கேன். நீங்க பஸ்ஸ எடுங்க."

அப்பா அந்த இளைஞரை ஒருமுறை சந்தேகமாகப் பார்த்தார். பிறகு கையை நீட்டினார். "செங்கம்" என்று ஆரம்பித்தார்.