நோட்டில் ஏறிக்கொண்டே போன மதிப்பெண்

2006-ல் திருப்போரூரில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். கணவருக்குப் பழைய மகாபலிபுரம் சாலையில் கம்ப்யூட்டர் வேலை. காலையில் போனால் இருட்டிய பிறகுதான் வருவார். மகளுக்கு ஒன்பது மாதம்.

குழந்தை பிறந்ததிலிருந்தே என் மனம் சரியில்லை. காரணமில்லாமல் அழுவேன். அடுப்பில் பால் வைத்ததை மறந்துவிடுவேன். செங்கல்பட்டில் ஒரு மனநல மருத்துவரிடம் போனோம். மாத்திரையோடு, ஒரு நோட்டுப் போட்டு வாரத் திட்டம் எழுதச் சொன்னார். தூக்கம், நடை, தினமும் யாரிடமாவது பத்து நிமிடம் பேச்சு. ஒவ்வொரு நாளுக்கும் உள்ள கடைசிக் கட்டத்துக்குள் அன்றைய மனநிலைக்குப் பத்துக்கு எத்தனை என்று எழுத வேண்டும்.

பள்ளியில் ஒரு நாள்கூட வீட்டுப்பாடம் எழுதாமல் போனவள் இல்லை நான். ஸ்கேல் வைத்துக் கோடு போட்டேன். மறதி பயத்தில், இணையத்தில் மூளைப் பயிற்சி விளையாட்டு ஒன்றையும் நானாகவே திட்டத்தில் சேர்த்தேன். குழந்தை தூங்கும் பதினோரு மணிக்கு அட்டைகளை நினைவில் வைத்து ஜோடி சேர்ப்பேன். முடிந்ததும் அது மதிப்பெண் தரும். மனநிலைக்கு எத்தனை போடுவது என்று தினமும் குழம்பியவளுக்கு அது வசதியாகப் போயிற்று. நோட்டின் அந்தக் கடைசிக் கட்டத்துக்குள் விளையாட்டின் மதிப்பெண்ணையே எழுத ஆரம்பித்தேன். யாரிடமும் பேசாமலே பேச்சுக்கும் டிக் போட்டேன். நானூறு எழுநூறானது. தேறிவிட்டேன் என்று கணவரிடம் சொல்லி, அடுத்த முறை மருத்துவரைப் பார்ப்பதையும் தள்ளிப்போட்டேன்.

ஒரு புதன்கிழமை அப்படி விளையாடிக்கொண்டிருந்தபோது, வாரம் ஒரு நாள் திருவிடந்தையிலிருந்து வரும் மீன்கார அம்மா என் முன்னால் வந்து நின்றார். இடுப்பில் என் மகள். தலை முழுக்க ஈரம்.

"புள்ள பக்கெட்டுல தலய வுட்டுகினு கீது. வாசல்லேர்ந்து எம்மா நேரம் கூவுறேன், உன் காதுல வுயலியா?"

குழந்தை எப்போது எழுந்தது, எப்போது குளியலறைக்குத் தவழ்ந்தது, எதுவும் எனக்குத் தெரியவில்லை. அவள் இருமினாள், பிறகு அழுதாள். அந்த அழுகை வந்த பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. திரையில் எண்ணூற்றுப் பத்து. அதுவரை நான் எடுத்ததிலேயே அதிகம்.

அந்த அம்மா திட்டவில்லை. முந்தானையால் குழந்தையின் தலையைத் துவட்டி என் மடியில் வைத்தார். என் முகத்தையே பார்த்துவிட்டு, "நீ நல்லாதான் கீறியாம்மா?" என்று கேட்டார்.

"இல்லை" என்றேன். அவர் கூடையை வாசலிலேயே விட்டுவிட்டு, கணவர் வந்து சேரும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். அன்று அந்த அம்மாவுக்கு மீன் விற்கவில்லை.

மறுநாளே செங்கல்பட்டுக்குப் போனோம். நோட்டைப் புரட்டிய மருத்துவர், பத்துக்கு எழுநூறு எப்படி வந்தது என்று கேட்டார். எல்லாவற்றையும் சொன்னேன். பேனாவை என்னிடம் கொடுத்தார். இரண்டு என்று எழுதினேன்.

மகள் இப்போது யூ.கே.ஜி. படிக்கிறாள். நோட்டு இன்னும் தொடர்கிறது. சில நாள் நான்கு, சில நாள் மூன்று. குளியலறையில் பக்கெட்டைக் கவிழ்த்துத்தான் வைக்கிறேன். ஆனாலும் வீடு கொஞ்ச நேரம் சத்தமில்லாமல் இருந்தால், என்னையறியாமல் எழுந்து போய் அதைத்தான் பார்க்கிறேன்.