அழுக்கு என்றாள் எர்மிந்தா

சாந்தியாகோவின் கிழக்கு ஓரத்துக் குன்றில் இருந்த வானாய்வகத்தில் எர்மிந்தா ஒலாவே பதினோரு வருடமாக வேலை பார்த்துவந்தாள். வானத்தைப் பார்க்கும் வேலைதான், ஆனால் பகலில். தொலைநோக்கியில் எடுத்த படங்கள் கண்ணாடித் தகடுகளாகக் காலையில் அவள் மேசைக்கு வந்துவிடும். ஒரே இடத்து வானத்தின் பழைய தகடு ஒன்றையும் புதிய தகடு ஒன்றையும் கருவியில் வைத்துக் கைப்பிடியைத் தட்டினால் இரண்டும் மாறி மாறித் தெரியும். இருந்த நட்சத்திரமெல்லாம் இருந்தபடி இருக்கும். புதிதாக ஒன்று வந்திருந்தால் அது மட்டும் சிமிட்டும். எங்கோ ஒரு விண்மீன் மண்டலத்தில் ஒரு நட்சத்திரம் வெடித்திருக்கிறது என்று அர்த்தம். சூப்பர்நோவா என்பார்கள். கண்டுபிடித்தவர் பெயர் தந்தியில் உலகமெல்லாம் போகும்.

எர்மிந்தாவின் பெயர் எந்தத் தந்தியிலும் போனதில்லை.

திறமைக்குக் குறைச்சல் இல்லை. அவள் தகட்டில் எதுவும் வெடிக்கவில்லை, அவ்வளவுதான். பக்கத்து மேசைக்காரிகளின் தகட்டில் வெடித்தது. அப்படி வெடிக்கும்போதெல்லாம் எல்லோரும் டாக்டர் என்று கூப்பிடும் இயக்குநர் தொன் பால்தோமெரோ ஒரு பெரிய அடுக்குக் கேக் வாங்கிவருவார். மாலைத் தேநீரின்போது கண்டுபிடித்தவள்தான் அதை வெட்ட வேண்டும் என்பது அங்கே வழக்கம். மற்றவர்கள் வெட்டிய கேக்கை எர்மிந்தா நிறையவே தின்றிருக்கிறாள். ஒவ்வொரு முறையும் ஞுஞோவாவில் இருந்த வீட்டுக்குப் போய், தையல் வேலை செய்யும் அக்காவிடம், "இனிப்பு ரொம்ப ஜாஸ்தி, வாயில வைக்க முடியல" என்பாள். அக்கா தலையை ஆட்டிவிட்டுத் தையலைப் பார்ப்பாள். இவள் ஒரு நாளும் ஒரு துண்டு மிச்சம் வைத்து எடுத்துவந்ததில்லை என்பது அக்காவுக்குத் தெரியும்.

அந்த வருடம் ஜூலைக் கடைசியில், குளிர்காலத்தில், தால்காவிலிருந்து நோல்ஃபா வந்து சேர்ந்தாள். இருபத்திரண்டு வயது. வேலை நேரத்தில் பாடுவாள். தகட்டில் விரல் படக் கூடாத இடத்தில்தான் அவள் விரல் படும். ஆனாலும் எல்லோருக்கும் அவளைப் பிடித்துப்போயிற்று. தோட்டக்காரர் மரத்தில் முதலில் பழுத்த பழங்களை அவள் மேசையில் கொண்டுவந்து வைத்தார். எர்மிந்தாவுக்கு அவர் இத்தனை வருடத்தில் ஒரு பழம் கொடுத்ததில்லை. அவள் கேட்டிருக்க மாட்டாள் என்று நீங்கள் சொல்லலாம். நோல்ஃபாவும்தான் கேட்கவில்லை.

செப்டம்பரில், தேசியத் திருநாள் விடுமுறைக்கு முந்தின நாள் மாலை, பாதிப் பேர் கிளம்பிவிட்டார்கள். நோல்ஃபா எழுந்து வந்தாள்.

"செஞோரா எர்மிந்தா, கொஞ்சம் வர்றீங்களா? இங்க ஒண்ணு சிமிட்டுது."

"உனக்கு எல்லாந்தான் சிமிட்டும். போன வாரம் உன் கண்ணிமை முடி சிமிட்டுச்சு."

"இது முடி இல்லைங்க. நீங்க ஒரு தடவை பார்த்துச் சொல்லிட்டா போதும்."

இரண்டாவது ஆள் பார்க்காமல் இயக்குநரிடம் போகக் கூடாது என்பது அங்கே சட்டம். முன்பு ஒருமுறை தகட்டுப் பூச்சில் இருந்த வெறும் புள்ளியை நட்சத்திரம் என்று தந்தியடித்து, வெளிநாட்டுக்காரர்களெல்லாம் சிரித்திருந்தார்கள். அதிலிருந்துதான் இந்த ஏற்பாடு. இரண்டாவது ஆள் அழுக்கு என்றால் அழுக்குதான். கண்ணாடியின் பின்பக்கம் சிவப்பு மையில் பெருக்கல் குறி போட்டு அலமாரியில் வைத்துவிடுவார்கள்.

எர்மிந்தா குனிந்து பார்த்தாள். படம் எடுத்த இரவில் காற்று அடித்திருக்க வேண்டும், நட்சத்திரங்கள் எல்லாமே இடப்பக்கம் இம்மியளவு இழுபட்டிருந்தன. புதிய புள்ளியும் அதே மாதிரி இழுபட்டிருந்தது. ஓரம் மெத்தென்று கரைந்திருந்தது. சந்தேகமே இல்லை, நட்சத்திரம்தான். எர்மிந்தா நிமிர்ந்து நோல்ஃபாவைப் பார்த்தாள். வந்து இரண்டு மாதம் ஆகவில்லை, தகட்டை ஒழுங்காகப் பிடிக்கத் தெரியவில்லை, இவளுக்கா?

"அழுக்கு" என்றாள்.

"நிஜமாவா?"

"பூச்சுல விழுந்த புள்ளி. சிவப்பு மையை எடு பொண்ணே, குறியைப் போட்டுட்டுக் கிளம்பு."

நோல்ஃபா தன் கையாலேயே குறியைப் போட்டாள். "நல்லவேளை, நேரா டாக்டர்கிட்ட ஓடாம உங்ககிட்ட வந்தேன். மானம் போயிருக்கும்" என்று நன்றியும் சொன்னாள்.

அன்று எர்மிந்தாவுக்குத் தூக்கம் வரவில்லை என்று எழுதினால் கதைக்கு அழகாக இருக்கும். நன்றாகத் தூங்கினாள். விடுமுறை முழுக்க அக்காவோடு இறைச்சி வைத்துச் சுட்ட எம்பனாடா தின்றாள், பூங்காவில் பட்டம் விடுவதைப் பார்த்தாள்.

விடுமுறை முடிந்து எல்லோரும் வந்தபோது ஆஸ்திரேலியாவிலிருந்து தந்தி வந்திருந்தது. அங்கே ஒருவர் சூப்பர்நோவா கண்டுபிடித்திருந்தார். அதே மண்டலம், அதே இடம். தொன் பால்தோமெரோ அலமாரியிலிருந்து தகட்டை எடுக்கச் சொன்னார். சிவப்புக் குறியின் நடுவே நட்சத்திரம் இருந்தது. கண்டுபிடித்த பெருமை போய்விட்டது. ஆனால் ஆஸ்திரேலியாக்காரர் பார்ப்பதற்கு முன்பே, நட்சத்திரத்தின் வெளிச்சம் ஏறிக்கொண்டிருந்த நேரத்துப் படம் உலகத்திலேயே இந்த ஒரு தகட்டில்தான் இருந்தது. அதைப் பற்றி எழுதும் கட்டுரையில் நோல்ஃபாவின் பெயரையும் போடப்போவதாகத் தொன் பால்தோமெரோ சொன்னார். மாலையில் கேக் வந்தது.

நோல்ஃபா வெட்டினாள். பெரிய துண்டை எர்மிந்தாவின் முன்னால் வைத்தாள்.

"டாக்டர், செஞோராவை ஒண்ணும் சொல்லாதீங்க. கிளம்புற நேரத்துல நான்தான் கூப்பிட்டேன். அவங்களுக்குக் கண்ணு அசந்துபோயிருந்துது."

"யாரு என்ன சொன்னா?" என்றார் தொன் பால்தோமெரோ, மிக அன்பாக. "இத்தனை வருஷம் அந்தக் கண்ணாடிக்குள்ளயே பார்த்த கண்ணு, பாவம், அது என்ன பண்ணும்? எர்மிந்தா, அடுத்த மாசத்துலேர்ந்து நீங்க அலமாரித் தகடுகளுக்கு அட்டவணை அட்டை எழுதுங்க. அதே சம்பளம்தான். ஜன்னலோரமா உக்காந்து நிதானமா செய்யலாம்."

மேசையைச் சுற்றி இருந்தவர்கள் எல்லோரும் அவளைப் பரிவோடு பார்த்தார்கள். ஒருத்தி முதுகைத் தடவினாள். வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் போதும். பொறாமைக்காரி என்று யாருக்கும் தெரியப்போவதில்லை. கண் மங்கிப்போனவள் என்றுதான் நினைப்பார்கள். அதைத்தான் அவளால் தாங்கிக்கொள்ள முடியவில்லை.

"என் கண்ணுக்கு ஒண்ணுமில்ல."

"பரவால்ல செஞோரா..."

"நீ சும்மா இரு. அது நட்சத்திரம்னு பார்த்த உடனே தெரிஞ்சுது. அன்னிக்குக் காத்து. எல்லாம் இடப்பக்கம் இழுத்திருந்துது, இதுவும் இழுத்திருந்துது. அழுக்கு காத்துல இழுக்காது. தெரிஞ்சேதான் சொன்னேன்."

தொன் பால்தோமெரோ கோப்பையைக் கீழே வைத்தார்.

"ஏன்?" என்று கேட்டாள் நோல்ஃபா.

"கேக்கை நீ வெட்டுவேன்னுதான்."

தொன் பால்தோமெரோ எழுந்துபோய்த் தகட்டைக் கருவியில் வைத்துப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். இடப்பக்கம் இழுத்துத்தான் இருந்தது.

எர்மிந்தாவை அட்டை எழுத அனுப்பவில்லை. ஓய்வு பெறும்வரை அதே கருவியில்தான் உட்கார்ந்திருந்தாள். அவள் கண்ணைப் பற்றி அதன் பிறகு ஒருவரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. நோல்ஃபாகூட எப்போதும்போல மரியாதையாகத்தான் பேசினாள். தகட்டில் ஏதாவது சிமிட்டினால் மட்டும் எழுந்து, எர்மிந்தாவின் மேசையைத் தாண்டிப் போய், தாழ்வாரக் கடைசியில் தட்டச்சு செய்துகொண்டிருக்கும் பெண்ணை இரண்டாவது ஆளாகக் கூட்டிவருவாள். அந்தப் பெண்ணுக்குத் தகட்டில் எந்தப் பக்கம் மேல், எந்தப் பக்கம் கீழ் என்றுகூடத் தெரியாது.