சித்தப்பா கடைசியாகப் பிடித்த படம்

சைக்கிளின் பின்னால் கேமராப் பெட்டியைக் கட்டியிருந்த முடிச்சுதான் முதலில் என் கண்ணில் பட்டது. சித்தப்பா அப்படிக் கட்ட மாட்டார். பிறகுதான் சைக்கிளைத் தள்ளி வந்தவர் வேறு ஆள் என்று பார்த்தேன். சித்தப்பாவின் கூட்டாளி. புதுச்சேரி ஆஸ்பத்திரியில் ஜுரத்திலேயே உயிர் போய்விட்டது என்று அம்மாவிடம் சொன்னார். உள்ளே சித்தி உலையில் அரிசி போட்டுக்கொண்டிருந்தார்.

சித்தப்பாவின் சிநேகிதர்கள் போடும் நினைவு மலருக்கு என்னையும் எழுதச் சொன்னார்கள். நான் ஐந்தாவதோடு நின்றவள். நாலு பேர் முன்னால் பேச வராது. வீட்டில் அவரைப் பார்த்ததை மட்டும் எழுதுகிறேன்.

தன் ஊருக்குக் கப்பலேறிய ஒரு வெள்ளைக்காரரிடம் சித்தப்பா அந்தச் சினிமாக் கேமராவை வாங்கினார். சொல்லிக்கொடுக்க ஆள் கிடையாது. வெளிச்சம் படாதிருக்க உச்சிவெயிலிலும் கம்பளிக்குள் புகுந்து, கையால் தடவித் தடவியே பிலிம் மாட்டப் பழகினார். முதலில் மெட்ராஸுக்குக் கழுவ அனுப்பிய சுருள்கள் வெறுமையாகத் திரும்பி வந்தன.

"உழவு மாடு வாங்கியிருந்தா சாணியாவது மிஞ்சியிருக்கும்டா" என்றார் அப்பா.

"அடுத்த சுருள்ல உன்னயே புடிக்கிறேண்ணே, சாணியோட" என்றார் சித்தப்பா.

வில்லியனூர்த் தேரைப் பிடிக்கப் போனவர், சக்கரத்துக்கு முட்டுக்கட்டை போடும் ஆட்களைப் பிடித்துக்கொண்டு வந்தார். கேட்டதற்கு, "சாமிய ஊரே பாக்குது. கட்டை போடறவன யாரு பாக்கறது?" என்றார். டவுன் கொட்டகையில் பெரிய படத்துக்கு முன்னால் அதை ஓட்டினார்கள். "பாட்டு எங்கய்யா?" என்று சனங்கள் கத்தினார்களாம். நடுவில் ஒருவர் மட்டும் எழுந்து, "டேய், அது நான்டா!" என்றாராம். அதைச் சொல்லிச் சொல்லி சித்தப்பா ஒரு வாரம் சிரித்தார்.

கழுவி வந்த பிலிமில் ஒரு துண்டை எங்களிடம் கொடுத்து, வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்க்கச் சொல்வார். எறும்பளவு மனிதர்கள் தெரிவார்கள். சித்திக்கு அதில் ஒரு குறை உண்டு.

"ஊரு பொம்பளைங்க மூஞ்சியெல்லாம் புடிக்கிறீங்க. கட்டினவ மூஞ்சி மட்டும் ஆவாதா?"

"நீ நின்னு காட்டினா புடிக்க மாட்டேன். வேலையில இருக்கறப்போ ஒருநாள் புடிப்பேன்."

இந்த அறுவடையில் பிடித்தார். பாகூர்க் களத்தில் சித்தி நெல் தூற்றிக்கொண்டிருந்தபோது கேமராவின் கைப்பிடி சுற்றும் சத்தம் கேட்டது. சித்தி திரும்பிப் பார்த்து, "அந்தாண்ட போங்க!" என்று ஒரு முறம் பதரை அவர்மேலேயே கொட்டினார். சித்தப்பா சுற்றுவதை நிறுத்தவில்லை. அந்தச் சுருளை மெட்ராஸுக்கு அனுப்புவதற்குள் மழையில் நனைந்து ஜுரத்தில் விழுந்தார்.

காரியம் முடிந்த மறுநாள் தீட்டுக் கழிக்க வீட்டைக் கழுவினோம். பாய், துணி, பாத்திரம் எல்லாவற்றையும் வாசலில் வெயில் காட்டுவது எங்கள் வழக்கம். நான் குளத்திலிருந்து தண்ணீர்க் குடத்தோடு திரும்பியபோது, வெள்ளைப் புடவையில் சித்தி பாயில் உட்கார்ந்திருந்தார். களத்தில் பிடித்த சுருள் இருந்த டப்பா திறந்து கிடந்தது. சுருள் முழுவதையும் பிரித்துப் பரப்பியிருந்தார்.

கழுவாத பிலிமில் வெளிச்சம் பட்டால் அதில் இருப்பதெல்லாம் அழிந்துவிடும். இது எனக்குத் தெரியும், சித்தப்பா சொல்லியிருக்கிறார். சித்திக்குத் தெரியாது. வெயிலில் பிடித்தால் ஆள் தெரியும் என்பதைத்தான் சித்தி இத்தனை காலமும் கண்டிருக்கிறார். இந்த மலரைப் படிப்பவர்கள் யாரும் சித்தியிடம் இதைச் சொல்லிவிட வேண்டாம்.

சித்தி ஒரு துண்டைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னாடி இது, ஒண்ணுமே தெரியல. அழுது அழுது எங்கண்ணு மங்கிப்போச்சி போல. நீ பாரு. நான் எங்கடி கீறேன்?"

குடத்தை இறக்கி வைத்தேன். பிலிமை வாங்கி வெயிலுக்கு நேரே பிடித்தேன். முழுக்க ஒரே மங்கல் நிறம்.

"இதோ கீற சித்தி" என்றேன். "நெல்லு தூத்திக்கினு கீற. தலையில பூ வச்சிருக்க."