கங்காணி சீட்டில் இருந்த பெயர்

பூட்ஸ் பாலிஷ் வாடையும் மைதாப் பசை வாடையும் கலந்து அடிக்கும் எங்கள் வீட்டு முன்னறையில். போடிநாயக்கனூர் முழுக்க ஏலக்காய் மணம் வீசினாலும் அந்த அறைக்குள் மட்டும் இந்த இரண்டு வாடைதான். பாலிஷ், அப்பா பட்டாளத்திலிருந்து கொண்டுவந்த பழக்கம். பசை, பத்திரிகைக்குச் செய்தி அனுப்புகிற கவரை ஒட்டுவதற்கு. எல்லையில் வயர்லெஸ் பெட்டியோடு பல வருஷம் கிடந்துவிட்டு ஊர் திரும்பிய அப்பா, மதுரையில் அச்சாகும் ஒரு நாளிதழுக்குப் பகுதிநேர நிருபரானார். பனிமலையில் காவல் நின்றதைப் பற்றி அவர் எழுதிய நாலைந்து கதைகள் வாரப் பத்திரிகைகளில் வந்திருந்ததால், கடைத்தெருவில் பாதிப் பேர் அவரை ‘மிலிட்டரி’ என்றும் மீதிப் பேர் ‘எழுத்தாளரே’ என்றும் கூப்பிடுவார்கள்.

அப்போதெல்லாம் செய்தி பஸ்சில்தான் போகும். மூன்றரை மணி மதுரை பஸ்சின் கண்டக்டர் கையில் கவரைக் கொடுத்தால் பத்திரிகை ஆபீஸ் ஆள் அங்கே வாங்கிக்கொள்வார். தவறவிட்டால் செய்தி மறுநாளைக்குப் போய்விடும். அப்பா தவறவிட்டதே கிடையாது. “வெரசா எழுதணும், சரியா எழுதணும், அதுக்குமேல நமக்குச் சோலி இல்ல” என்பார்.

எங்களோடு செல்லத்தாய் அத்தையும் இருந்தது. அப்பாவின் தங்கச்சி, புருஷன் செத்தபின் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. ஊருக்குள் ஏலக்காய் ஸ்டோரில் காய் தரம் பிரிக்கும் வேலைக்குப் போக அப்பா சம்மதித்தார். மலைத் தோட்டத்துக்கு மட்டும் கூடாது. “மிலிட்டரிக்காரன் தங்கச்சி ஜீப்புல தொத்திக்கிட்டுப் போனான்னு ஊர்ல பேசணுமா?” என்று ஒரே பிடிவாதம். அத்தைக்கோ ஸ்டோரில் நாள் முழுக்கக் குனிந்து உட்கார்ந்திருப்பது எரிச்சல், மலைக்காற்றுதான் பிடிக்கும்.

தோட்டத்துக்குப் போகிறவர்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. ஒருத்திக்கு உடம்புக்கு முடியாவிட்டால் அவள் இடத்தில் வேறொருத்தி ஜீப்பில் ஏறிக்கொள்வாள். ஆட்களை மேய்க்கும் கங்காணி தலையை எண்ணுவாரே தவிர, ஆள் கணக்குச் சீட்டில் பேரை மாற்ற மாட்டார். பின்தெரு முத்துப்பேச்சிக்குக் காய்ச்சல் கண்ட அந்தச் சனிக்கிழமை விடியலில், அத்தை தூக்குவாளியோடு கிளம்பியதை நான் ஒருத்திதான் பார்த்தேன். “ஸ்டோருக்குன்னு சொல்லிருக்கேன். ஒங்கப்பன்கிட்ட மூச்சு விட்றாத, என் ஆத்தால்ல” என்று என் கன்னத்தைக் கிள்ளிவிட்டுப் போனது. எனக்குப் பத்து வயது.

மத்தியானம், அரைநாள் வேலை முடிந்து திரும்பிய ஜீப்பு போடிமெட்டுக்குக் கீழே ஒரு வளைவில் கவிழ்ந்துவிட்டது என்று ஊரே ஓடியது. அப்பாவும் போனார். அதற்குள் அடிபட்டவர்களை வேனில் ஏற்றி அடுத்த ஊர் ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிட்டார்களாம். ஓரமாக உட்கார்ந்திருந்த கங்காணியின் சீட்டைப் பார்த்துப் பேர்களையும், யாருக்கு எவ்வளவு அடி என்று கேட்டும் எழுதிக்கொண்டு, மூன்று மணிக்கு மேல் வீட்டுக்கு வந்து மேசையில் குனிந்தார். நான் பக்கத்தில் போய் நின்றேன். குண்டு குண்டான எழுத்தில் ஒரு வரி: ‘முத்துப்பேச்சி, கவலைக்கிடம்.’

முத்துப்பேச்சி வீட்டில் கம்பளி போர்த்திப் படுத்திருக்கிறாள் என்பது எனக்குத் தெரியும். அவள் பேரில் போனது யார் என்பதும் தெரியும். வாயைத் திறந்தால் அத்தைக்கு ஏச்சு விழுமே என்று நினைத்தேனா, அப்பா எழுதியது தப்பாக இருக்காது என்று நம்பினேனா, இப்போது யோசித்தாலும் பிடிபடவில்லை. அந்த வரியையே பார்த்துக்கொண்டு நின்றேன். அப்பா கவரை ஒட்டினார், என்னை ஒருதரம் நிமிர்ந்து பார்த்தார், சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

விளக்கு வைக்கிற நேரத்தில் முத்துப்பேச்சி கம்பளியோடு எங்கள் வாசலில் வந்து விழுந்தாள். “அண்ணே, நான் போகலண்ணே! ஒங்க தங்கச்சிதாண்ணே போச்சு!”

அப்பாவும் அம்மாவும் என்னையும் இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. கொஞ்சம் முன்னாடிதான் என்றார் நர்சு. “ரெண்டு மணியிலிருந்து அண்ணன், அண்ணன்னு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. பேரு செல்லத்தாய்னு சொன்னாங்க. கங்காணி எழுதிக் குடுத்துவிட்ட சீட்டுல வேற பேரு இருந்துச்சா, வலியில பெனாத்துறாங்கன்னு நெனச்சிட்டோம்.”

மறுநாள் பேப்பரில் அத்தை முத்துப்பேச்சியாகக் கவலைக்கிடமாக இருந்தது. திருத்தச் செய்தியை அப்பாவே எழுதினார், இரண்டே வரி. கதை எழுதுவதை அதோடு விட்டுவிட்டார். “இந்த வீட்ல ஒருத்தருக்குக்கூடத் தெரியலையா?” என்று அம்மாவிடம் கேட்டார், என்னிடம் கேட்கவில்லை. நான் அழவில்லை. துட்டிக்கு வந்தவர்களோடு உட்கார்ந்து சோறு சாப்பிட்டேன், திங்கட்கிழமை பள்ளிக்கூடம் போனேன். இன்றுவரை அத்தைக்காக அழ வரவில்லை. அதை நினைத்தால் என்மேல் எனக்கே அருவருப்பாக இருக்கிறது.

இப்போது பஸ்சில் கவர் கொடுக்கிற நிருபர் யாரும் இல்லை. விபத்து நடந்த வளைவிலேயே நின்று போனில் படம் அனுப்பிவிடுகிறார்கள். காய் தரம் பிரிக்க மிஷின் வந்துவிட்டது. முத்துப்பேச்சியும் போய்ச் சேர்ந்துவிட்டாள். விடியலில் ஜீப்புகள் மட்டும் இன்றும் ஆட்களை அடைத்துக்கொண்டு மலையேறுகின்றன.

அப்பாவுக்கு எண்பதாகிறது, என்னோடுதான் இருக்கிறார். போன மாசம் அவருக்கு இட்லி வைத்துக்கொண்டிருந்தபோது, எந்த முன்யோசனையும் இல்லாமல் சொல்லிவிட்டேன்.

“அன்னைக்கு அத்தைதான் ஜீப்புல போனதுன்னு எனக்குத் தெரியும்ப்பா.”

அவர் மென்றதை விழுங்கிவிட்டு, “அந்தப் பேரப் பாத்துட்டு நீ மொகம் வெளுத்து நின்னத நானும் பாத்தேன்” என்றார். “‘என்ன ஆத்தா?’ன்னு ஒரு வார்த்த கேட்டிருக்கணும். நேரமாச்சுன்னு போயிட்டேன்.”

இத்தனை காலம் தப்பு செய்தது நான் ஒருத்திதான் என்று இருந்தேன். இப்போது இரண்டு பேர். அதனால் பாரம் ஒன்றும் குறையவில்லை.